இருபத்திரண்டாம் அத்தியாயத்துப் படம்

துணிச்சலான திருப்பம் என்று எழுதியிருக்கிறீர்கள். நாற்பத்தேழாம் பக்கம், கீழிருந்து நாலாவது வரி. முதலில் அதை அடித்துவிடுங்கள் மேடம். பேனா வேண்டுமானால் இதோ இருக்கிறது. அடித்துவிட்டு அப்புறம் உட்கார்ந்து பேசுவோம்.

போனில் பதிவு பண்ணப் போகிறீர்களா? பண்ணுங்கள். முப்பத்தோரு வருஷமாக இதை என்னிடம் யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பேனா, அதுவும் தெரியவில்லை. உள்ளே இருமல் கேட்கிறதல்லவா, அது என் மனைவி. அவளுக்குச் சளி ஒன்றும் இல்லை. 'ஆரம்பிச்சாச்சா' என்று அர்த்தம். நீங்கள் கண்டுகொள்ள வேண்டாம்.

கட்டுரையை இரண்டு தடவை படித்தேன். குறை சொல்ல மாட்டேன். விக்டோரியா காலத்து இங்கிலாந்து நாவலாசிரியர்களில் பாதிப் பேர் பத்திரிகைக்காரர்கள் என்கிறீர்கள். காலையில் செய்தி எழுதிவிட்டு மத்தியானம் அத்தியாயம் எழுதினார்கள். அச்சாபீஸ் ஆளை வாசலில் நிற்க வைத்துக்கொண்டு கடைசிப் பக்கத்தை முடித்தார்கள். படம் முதலில் தயாராகி, அதற்கு ஏற்றபடி கதை எழுதியவர்களும் உண்டு என்கிறீர்கள். அங்கே எழுந்து உட்கார்ந்துவிட்டேன். என் பங்காளிகளைப் பற்றிப் படிக்கிற மாதிரி இருந்தது. கடைசியில் தமிழுக்கு வருகிறீர்கள். 'வெண்சங்கு' வார இதழ், 1992, ச. உலகநாதன் எழுதிய 'மணல் தபால்' தொடர். 'இருபத்திரண்டாம் அத்தியாயத்தில் கணவன் பாத்திரத்தை எந்த முன்னறிவிப்பும் இன்றிச் சாகடித்தது துணிச்சலான திருப்பம்.'

துணிச்சலாவது மண்ணாவது. அது ஒரு மாலை மேடம். சந்தன மாலை. படத்துக்குள் இருந்த படத்துக்கு ஓர் ஓவியர் போட்ட மாலை. கீழே ஒரு சின்னச் சிவப்பு பல்பு. அவ்வளவுதான் அந்தத் துணிச்சல்.

எனக்கு ஓர் அக்கா. ஆவுடையம்மாள். என்னைவிட நாலு வயது மூத்தவள். சங்கரன்கோவிலில் கட்டிக்கொடுத்தோம். நீங்கள் தென்காசிக்காரர், உங்களுக்கு அந்த ஊரைச் சொல்ல வேண்டியதில்லை. அத்தான் பெயர் திருமலைக்குமார். ஏ.சி. மெக்கானிக். எண்பத்தெட்டில் குவைத்துக்குப் போனார். மாதம் இரண்டு கடிதம் வரும். கடைசிக் கடிதம் தொண்ணூறு ஜூலையில் வந்தது. ஆகஸ்டில் சண்டை. லட்சக்கணக்கில் நம் ஆட்கள் பஸ்ஸிலும் லாரியிலும் ஏறி, ஈராக் வழியாக ஜோர்டான் எல்லைக்கு வந்து, அங்கிருந்து விமானத்தில் பம்பாய்க்கு வந்தார்கள். அத்தான் வரவில்லை. வந்தவர்கள் பட்டியலில் அவர் இல்லை. செத்தவர்கள் பட்டியலிலும் இல்லை. அக்கா கலெக்டர் ஆபீசுக்குப் போனாள், எம்.பி. வீட்டுக்குப் போனாள், அந்தப் பக்கத்தில் யார் வளைகுடாவிலிருந்து திரும்பி வந்தாலும் போட்டோவை எடுத்துக்கொண்டு போனாள்.

நான் அப்போது 'வெண்சங்கு' ஆபீசில் உதவி ஆசிரியர். சிறுகதைகள் எழுதிக்கொண்டிருந்தேன். ஒரு பொங்கலுக்குப் போனபோது அக்காதான் கேட்டாள்.

"ஏல உலகு, ஒங்க பத்திரிகை எல்லா ஊருக்கும் போகுதுல்லா?"

"போகுது."

"மலேயா, துபாய்லாம்?"

"அங்கயும் போகுது."

"அப்பம் அவுகளப் பத்தி எழுதேம்ல. பேர மாத்தாத. அவுக போன வருசம், கம்பெனி வேல, அந்த நெத்தித் தழும்பு, எல்லாம் அப்படியே போடு. பாத்தவுக யாராவது எழுதுவாகள்லா."

அறிவிப்பாகப் போட்டால் ஒரு வாரம் வரும், மூலையில் வரும் என்று சொன்னேன். அவளே கேட்டாள். "கதையாப் போட்டா?"

கதையாகப் போட்டால் முப்பது வாரம் வரும்.

இதை நன்றாகக் குறித்துக்கொள்ளுங்கள். அந்தத் தொடர் அவளுக்குக் கதையே இல்லை. காணவில்லை என்று ஒருத்தி கொடுத்த அறிவிப்பு. முப்பது வாரத்துக்கு நீளும் அறிவிப்பு. அத்தான் எழுதிய கடிதங்களையெல்லாம் ஒரு மஞ்சள் பையில் போட்டு என்னிடம் கொடுத்தாள். அந்தப் பையைத் தூக்கிக்கொண்டு சென்னைக்கு வந்தேன். கதாநாயகிக்கு மட்டும் வடிவு என்று பெயர் மாற்றினேன். அக்காவின் பெயர் நாலு பேர் வாயில் புரள வேண்டாம் என்று நினைத்தேன். திருமலைக்குமார் திருமலைக்குமாராகவே வந்தார். கடிதங்களையும் அநேகமாக அப்படியே போட்டேன். அங்கங்கே மெருகேற்றினேன். அத்தானுக்கு எழுத வராது. 'வெயில் அதிகம், உடம்பைப் பார்த்துக்கொள்' என்பதை எத்தனை வாரம் போட முடியும்?

முப்பதாம் அத்தியாயத்தில் அவர் பெட்டியோடு வந்து இறங்குவதாகத் திட்டம். அக்காவிடம் சொல்லியும் இருந்தேன். அவள் சிரித்தாள். "அதுக்குள்ள நெசமாவே வந்துட்டா என்னல செய்வ?" என்று கேட்டாள்.

இப்போது படத்துக்கு வருகிறேன். எங்கள் பத்திரிகையில் உள்ளே எழுத்தெல்லாம் சென்னையில் அச்சாகும். அட்டையும் வண்ணப் பக்கங்களும் சிவகாசியில், மூன்று வாரம் முன்னாலேயே. தொடர்கதைக்குப் படம் வண்ணப் பக்கத்தில். ஆக, அத்தியாயம் எழுதுவதற்கு மூன்று வாரம் முன்பே அதற்குப் படம் தயாராக வேண்டும். எழுதாத அத்தியாயத்தில் என்ன காட்சி வரும் என்று யோசித்து ஓவியருக்கு நாலு வரியில் குறிப்புச் சொல்ல வேண்டும். போனில்தான் சொல்வோம். அவர் வரைந்து நேராகச் சிவகாசிக்கு அனுப்பிவிடுவார். அது அச்சாகி வந்த பிறகு, படத்தில் இருப்பதற்குத் தகுந்தபடி நாங்கள் எழுதுவோம். இப்படித்தான் எல்லோரும் எழுதினோம். வாசகர்கள் கதைக்குப் படம் போட்டதாக நினைத்துக்கொண்டார்கள்.

என் தொடருக்கு வரைந்தவர் துகிலன். பெரிய கை. அவர் வரைந்தால் கதையையே படிக்காதவர்கள்கூடப் பக்கத்தைப் புரட்டாமல் நிற்பார்கள். ஆனால் ஒரு வரி படிக்க மாட்டார். ஏழு பத்திரிகைக்கு வரைகிறவர் எதைப் படிப்பார்? முகம் ஞாபகம் வைத்திருப்பார், கதை ஞாபகம் வைத்திருக்க மாட்டார்.

இருபத்திரண்டாம் அத்தியாயத்துக்கு நான் சொன்ன குறிப்பு இவ்வளவுதான்: வடிவு ஜன்னலோரம் நிற்கிறாள், கையில் பழைய கடிதம், பின்னால் சுவரில் கணவன் படம். இதில் சாவு எங்கே இருக்கிறது? நீங்களே சொல்லுங்கள்.

சிவகாசி பார்சல் செவ்வாய்க்கிழமை வந்தது. ஆசிரியர் வைத்தியலிங்கம் சார் கட்டைப் பிரித்து ஒரு தாளை மேசையில் விரித்தார். கண்ணாடியைக் கழற்றினார், மாட்டினார்.

"உலகநாதா, இங்க வா. இந்த ஆள் உயிரோட இருக்கானா?"

"இருக்கான் சார். முப்பதுல வரான்."

"வர முடியாது."

நான் படத்தைப் பார்த்தேன். வடிவு அழகாக நின்றுகொண்டிருந்தாள். பின்னால் சுவரில் திருமலைக்குமார். கழுத்தில் சந்தன மாலை. கீழே பல்பு, சிவப்பாக. எரிகிறது என்பது தெரியவேண்டும் என்று சுற்றிலும் கொஞ்சம் ஒளிவட்டம் வேறு போட்டிருந்தார் மகானுபாவர்.

பக்கத்து மேசையில் இருந்த சினிமாப் பகுதி ஆள் எட்டிப் பார்த்தான். "மாலை போட்டு வரவேத்தாங்கன்னு எழுதிடுங்களேன் சார்," என்றான். ஆபீசே சிரித்தது. நானும் சிரித்தேன் என்று நினைக்கிறேன்.

"மாமியார் தப்பா நெனச்சு மாட்டிட்டதா வச்சுக்கலாம் சார்," என்றேன்.

"எந்தத் தாயாராவது உசிரோட இருக்கற பிள்ளை படத்துக்கு மாலை போடுவாளாடா? எவன் நம்புவான்?"

"கனவுன்னு…"

"பல்பு எரியறது பார். கனவுல எவன்டா கரண்ட் கனெக்‌ஷன் குடுத்தான்? லட்சத்து எண்பதாயிரம் பிரதி அடிச்சாச்சு. லட்சத்து எண்பதாயிரம் வீட்டுக்கு இந்த ஆள் மாலையோட போகப் போறான். இனிமே அவன் பெட்டியோட வந்து நின்னான்னா, வாசகர் நம்மைச் செருப்பால அடிப்பார். போ, நல்லபடியா அனுப்பி வை."

நல்லபடியா அனுப்பி வை! ஒரு மனுஷனைச் சொல்கிறார். என் அத்தானைச் சொல்கிறார். என் கதையில் வருகிற ஆள் நிஜமான ஆள் என்று அவருக்கும் தெரியும், நான் சொல்லியிருந்தேன். தெரிந்தும் சொன்னார். பத்திரிகை நடத்துகிறவனுக்கு அச்சான தாள்தான் உலகம். மற்றதெல்லாம் கையெழுத்துப் பிரதி.

நான் வேலையை விட்டிருக்க வேண்டும் என்கிறீர்களா? நீங்கள் சொல்லவில்லை, முகம் சொல்கிறது. விட்டிருக்கலாம். இருபத்தேழு வயசு. முதல் தொடர். நீங்கள் எழுதியிருக்கிற இங்கிலாந்துக்காரர்களில் எவன் விட்டான்? வாசகர்கள் அழுதார்கள் என்று முடிவை மாற்றினார்கள், ஆசிரியர் சொன்னார் என்று அத்தியாயத்தை வெட்டினார்கள். நீங்களே பக்கம் பக்கமாகப் போட்டிருக்கிறீர்கள். அவர்களை மேதைகள் என்று வேறு சொல்கிறீர்கள்.

அன்றைக்கு மத்தியானமே உட்கார்ந்து எழுதினேன். மேசையில் தொண்ணூறாம் வருஷத்துச் செய்தித்தாள் நறுக்குகள் இருந்தன. ஜோர்டான் எல்லை முகாம், பாலைவனத்தில் கூடாரம், தண்ணீருக்கு வரிசை, காய்ச்சல். அதை வைத்து எழுதினேன். கூடாரத்தில் காய்ச்சலில் கிடந்து திருமலைக்குமார் போய்ச் சேர்ந்தார். கூட இருந்தவன் செய்தி கொண்டுவருகிறான். ஒரு அடித்தல் இல்லை. நான் எழுதியதிலேயே நல்ல அத்தியாயம் அதுதான், இன்றைக்கும் சொல்வேன். வைத்தி சார் படித்துவிட்டு என் தோளில் கை வைத்தார். அந்த மனுஷன் யார் தோளிலும் கை வைக்கிறவர் இல்லை.

அந்த இதழ் வந்த வாரம் எண்ணூறு கடிதம் வந்தது. எண்ணூறு! தபால்காரர் சாக்கில் கொண்டுவந்து கொட்டினார். பாளையங்கோட்டையில் ஒரு கல்லூரி விடுதியில் பெண்கள் அன்றைக்கு ராத்திரி சாப்பிடவில்லையாம். ஈரோட்டில் ஒருவர் தன் பேரனுக்குத் திருமலைக்குமார் என்று பெயர் வைத்துவிட்டாராம். நான் தரையில் உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பிரித்துப் படித்தேன். நல்லதைத் தனியாக எடுத்துக் கட்டிவைத்தேன். அடுத்த வாரத்துக்கும் அதற்கடுத்த வாரத்துக்கும் வாசகர் கடிதப் பகுதி முழுக்க என் தொடர்தான்.

அந்தச் சாக்கில் ஒரு கார்டு இருந்தது. பிரிக்க வேண்டியதே இல்லை, கார்டு. ஆனாலும் என் கண்ணில் பட பத்து நாள் ஆயிற்று. ஆபீஸ் முகவரிக்குப் போட்டால் சீக்கிரம் கிடைக்கும் என்று அக்கா நினைத்திருக்கிறாள்.

'உலகு, உனக்கு என்ன தகவல் வந்தது? எனக்கு மட்டும் சொல்.'

இரண்டே வரி.

நீங்கள் கட்டுரையில் ஒரு சம்பவம் எழுதியிருக்கிறீர்கள். பத்திரிகை வரும் கப்பலுக்காக அமெரிக்கத் துறைமுகத்தில் கூட்டம் நின்றதாம். கப்பல் கரைக்கு வரும்போதே, 'அந்தப் பெண் உயிரோடு இருக்கிறாளா?' என்று கத்திக் கேட்டார்களாம். கட்டுக்கதையாகவும் இருக்கலாம் என்று அடிக்குறிப்பு போட்டிருக்கிறீர்கள். இருக்கட்டும். அவர்கள் கேட்டது, கிடையவே கிடையாத ஒரு பெண்ணை. கேட்டுவிட்டு வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டிருப்பார்கள். என் அக்கா கேட்டது தாலி கட்டின புருஷனை. அந்தக் கேள்வி எண்ணூறு கடிதத்துக்கு நடுவில் பத்து நாள் கிடந்தது.

'கதைதான் அக்கா, தகவல் ஒன்றும் இல்லை, பயப்படாதே, வேலை அதிகம், பிறகு விவரமாக எழுதுகிறேன்' என்று பதில் போட்டேன். போகவில்லை. ஒரு போன்கூடப் பண்ணவில்லை. அடுத்த அத்தியாயங்களை முழுக்க மாற்றி எழுதவேண்டி இருந்தது, நேரம் எங்கே இருந்தது? புருஷன் இல்லாத வடிவை வைத்துக்கொண்டு எட்டு வாரம் ஓட்ட வேண்டும். உங்களுக்குப் புரியும்.

அந்தப் பத்து நாளில் சங்கரன்கோவிலில் என்ன நடந்தது என்பது எனக்குப் பின்னால்தான் தெரிந்தது. அத்தானுடைய அம்மா, ஆவுடையின் மாமியார், பத்திரிகையை ஒருத்தரைவிட்டுப் படிக்கச் சொல்லிக் கேட்டிருக்கிறாள். மெட்ராசில் பத்திரிகை ஆபீசில் இருக்கிறான், சொந்த மைத்துனன், தெரியாமலா எழுதுவான், நேரில் சொல்ல மனசு வராமல் கதையாகச் சொல்லிவிட்டான் என்று முடிவு கட்டிவிட்டாள். ஊரும் அதையேதான் பேசியது. மறுநாள் கடைத்தெருவுக்குப் போய்ச் சந்தன மாலை வாங்கி வந்து, நாற்காலி போட்டு ஏறி, மேலே ஒரு ஆணி அடித்து, பிள்ளை படத்தில் மாட்டிவிட்டாள்.

எந்தத் தாயார் போடுவாள் என்று கேட்டாரல்லவா வைத்தி சார்? இந்தத் தாயார் போட்டாள். அச்சில் பார்த்தால் போடுவார்கள்.

அக்கா சத்துணவுக்கூடத்தில் அமைப்பாளர். சாயங்காலம் வந்து பார்த்திருக்கிறாள். அதே நாற்காலியில் ஏறி மாலையைக் கழற்றியிருக்கிறாள். மாமியார் தலையில் அடித்துக்கொண்டு அழ, இவள், "ஒங்க பிள்ள செத்துப் போச்சுன்னு எவன் சொன்னான்? பேப்பர்காரனா? அவன் என் தம்பி அத்த, அவனுக்குச் சின்ன வயசுலேருந்தே பொய் வாயில நிக்கும்," என்று சொல்லியிருக்கிறாள். சொல்லிவிட்டுத்தான் அந்தக் கார்டை எழுதியிருக்கிறாள். அதை யோசித்துப் பாருங்கள். வெளியே அப்படிச் சொல்லிவிட்டு, உள்ளே உட்கார்ந்து, எனக்கு மட்டும் சொல்.

இத்தோடு முடிந்திருந்தால் நான் உங்களை அந்த வரியை அடிக்கச் சொல்லியிருக்க மாட்டேன். போகட்டும் என்று விட்டிருப்பேன்.

நவம்பரில் ஒரு கடிதம் வந்தது. தொடர் முடிந்து இரண்டு மாதம் ஆகியிருந்தது. காயல்பட்டினத்திலிருந்து ஒருவர், செய்யது இபுறாகிம். குவைத்தில் கடையில் வேலை பார்த்துத் திரும்பியவர். 'மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு' என்று ஆரம்பித்து அழகான கையெழுத்து. வார்த்தை மாறாமல் சொல்கிறேன். 'தங்கள் கதையில் வரும் திருமலைக்குமார் அவர்களை எல்லை முகாமில் நான் நேரில் கண்டேன். காய்ச்சலில் இருந்தார். நிவாரண வண்டியில் ஏற்றும்போது பேசிக்கொண்டுதான் இருந்தார். மனைவி பெயர் ஆவுடை என்று சொன்னார். தங்கள் தொடரில் இருபது, இருபத்தொன்று அத்தியாயங்களைப் படித்து, உடனே தங்களுக்கு எழுத எண்ணினேன். மறுவாரமே, அவர் முகாமில் காய்ச்சலில் காலமான விவரத்தைத் தாங்கள் எழுதியிருந்தீர்கள். தங்களுக்குத் தகவல் கிடைத்துவிட்டது என அறிந்து, துக்க வீட்டாரைத் தொந்தரவு செய்ய வேண்டாம் என்று இருந்துவிட்டேன். அன்னாரின் அடக்கம் எங்கே நடந்தது என்று அறிந்தால் என் மனம் அமைதியுறும்.'

ஆவுடை என்று சொன்னார். கதையில் வடிவு. ஆவுடை என்ற பெயரை நான் எங்கேயும் எழுதவில்லை மேடம்.

நல்ல மனுஷன். அவர்மேல் என்ன தப்பு? காய்ச்சல் என்று நான் நறுக்கைப் பார்த்து எழுதினேன். அவர் கண்ணால் பார்த்தது அதே காய்ச்சல். நான் கற்பனை என்று எழுதியது அவர் கண்ட செய்தியோடு பொருந்திப்போய்விட்டது. பொருந்தாமல் ஏதாவது ஒரு கார் விபத்து என்று எழுதித் தொலைத்திருந்தால், இது என்ன, நான் பார்த்தது வேறாயிற்றே என்று அன்றைக்கே எழுதியிருப்பார்.

அந்தக் கடிதத்தை எடுத்துக்கொண்டு உடனே அக்காவிடம் ஓடினேனா என்று கேட்பீர்கள். இல்லை. அரைகுறைத் தகவலோடு போய் நிற்கக் கூடாது, முழு விவரத்தோடு போகலாம் என்று நினைத்தேன். முகாம்களைக் கவனித்த நிவாரண அலுவலகத்துக்கு எழுதினேன். பதில் வர மார்ச் ஆகிவிட்டது. முகாம் தொடர்பான பதிவேடுகளோடு அந்த அலுவலகம் சென்ற செப்டம்பரில் மூடப்பட்டது, தனிநபர் விவரங்கள் இனிக் கிடைக்க வழியில்லை, வருந்துகிறோம்.

செப்டம்பரில். இருபத்திரண்டாம் அத்தியாயம் வந்தது ஜூனில்.

இரண்டு கடிதங்களையும் எடுத்துக்கொண்டு போனேன். மத்தியான வெயில். அக்கா அப்போதுதான் பள்ளிக்கூடத்திலிருந்து வந்திருந்தாள். சுவரில் அத்தான் படம் வெறுமையாக இருந்தது. மாமியார் அடித்த ஆணி மட்டும் மேலே அப்படியே. அக்கா நெற்றியில் பொட்டு. இரண்டையும் படித்தாள், காயல்பட்டினத்துக் கடிதத்தை இரண்டாம் முறையும் படித்தாள். நான் அழுவாள் என்று நினைத்தேன்.

"இவரு எந்த வாரம் வரைக்கும் படிச்சாராம்?"

"அதான் எழுதியிருக்காரே. இருபத்தொண்ணு."

"தேதி எப்பம்ல போட்டிருக்கு?"

"நவம்பர்."

"இப்பம் மார்ச்சு," என்றாள். உள்ளே போய் ஒரு புத்தகத்தை எடுத்து வந்தாள்.

தொடர்கதையை வாராவாரம் கிழித்துச் சேர்த்து வைத்து பைண்டு பண்ணுவார்களே, அதுதான். பச்சைக் காலிகோத் துணி அட்டை, முதுகில் 'மணல் தபால்' என்று வெள்ளை எழுத்து. புரட்டினேன். ஒன்றிலிருந்து இருபத்தொன்று வரை என் கதை. அதற்கு அப்புறம் வெள்ளைத் தாள். கோடு போடாத, நல்ல தாள். பைண்டரிடம் சொல்லிச் சேர்த்துத் தைத்திருக்கிறாள்.

"இருபத்தொண்ணு வரைக்கும் அவுக இருக்காவ," என்றாள். "மிச்சத்த நீ எழுது. எழுதி எடுத்துட்டு வா. அதுவரைக்கும் வராத."

"என்னத்தக்கா எழுத? என்ன நடந்துச்சுன்னு யாருக்குத் தெரியும்?"

"அன்னைக்கு மட்டும் தெரிஞ்சுதோ?"

இதோ இருக்கிறது புத்தகம். தொடலாம், தாராளமாகப் பாருங்கள். வெற்றுத் தாள் பழுத்துவிட்டது, கவனமாகப் புரட்டுங்கள். ஒரு வரி எழுதவில்லை. எழுதத் தெரியாமல் இல்லை. நான்கு நாவல் போட்டேன், பரிசு வாங்கினேன், நீங்களே பட்டியல் போட்டிருக்கிறீர்கள். இதில் மட்டும் பேனாவை வைத்தால், என்ன செய்வது, அத்தானைக் கொண்டுவந்து இறக்கினால் பொய். கொன்றால் அதுவும் பொய். பொய் எழுதுவதுதானே என் தொழில் என்று எத்தனையோ தடவை என்னையே கேட்டுவிட்டேன். எல்லாவற்றுக்கும் காரணம் அந்த ஓவியன்தான். படிக்காமல் படம் போடுகிறவன். ஒரு வரி படித்திருந்தால், ஒரு வார்த்தை கேட்டிருந்தால்…

என்ன? உள்ளேயிருந்து என்ன சொல்கிறாள் கேட்டீர்களா? "அவர் கேட்டாராமே, அதையும் சொல்லுங்க" என்கிறாள். இவளிடம் இதையெல்லாம் எப்போது சொன்னேன் என்று தெரியவில்லை.

கேட்டார்தான். கேட்கவில்லை என்று நான் சொன்னேனா? குறிப்பைச் சொல்லி முடித்ததும் போனில் கேட்டார். "தம்பி, சுவர் மொட்டையா இருக்கே. படத்துக்கு மாலை உண்டா?" என்று. எனக்கு அன்றைக்கு வேறு வேலை இருந்தது, எதிரே ஆள் காத்திருந்தான். "போட்டுக்குங்க சார், எடுப்பா இருக்கும்," என்றேன். சாதாரணமாகச் சொன்னது. மாலை என்றால் என்ன அர்த்தம் என்று எனக்குத் தெரியாதா? தெரியும். ஆனால் அந்த நிமிஷத்தில் தெரிந்ததா? அதைத்தான் என்னால் கண்டுபிடிக்க முடியவில்லை. அந்த மாதம் கடிதங்கள் குறைந்துகொண்டே வந்தன. பதினாறாவது அத்தியாயத்துக்குப் பதினொரு கடிதம்தான். அவரை ஊருக்குக் கொண்டுவந்தால் அப்புறம் கதை என்ன என்று எனக்கு ஒன்றும் பிடிபடவில்லை. இதெல்லாம் உண்மை. ஆனால் போனில் அந்த வார்த்தையைச் சொன்னபோது இதெல்லாம் மனசில் இருந்ததா, இல்லையா? வைத்தி சார் போய்விட்டார், துகிலனும் போய்விட்டார். யாரைக் கேட்பேன்?

சரி. நேரமாகிறது. சாயங்கால ரயிலுக்கு நீங்கள் கிளம்ப வேண்டும். புத்தகத்தைத் தர மாட்டேன், போனில் படம் எடுத்துக்கொள்ளுங்கள். வெள்ளைத் தாள்களையும் சேர்த்து எடுங்கள், விட்டுவிடாதீர்கள்.

ஒரு உதவி மேடம். உங்கள் ரயில் காலையில் சங்கரன்கோவிலில் நிற்கும். இறங்க முடிந்தால் இறங்குங்கள். முகவரி இந்தத் தாளில் இருக்கிறது. ஆராய்ச்சிக்கு வந்திருக்கிறேன் என்று சொன்னால் உள்ளே விடுவாள். படித்தவர்கள்மேல் அவளுக்கு மரியாதை உண்டு. என் பெயரைச் சொல்ல வேண்டாம். அவளுக்கு அறுபத்திரண்டு வயது. உட்காரச் சொல்வாள், தண்ணீர் கொடுப்பாள். தண்ணீரை வாங்கும்போது சுவரைப் பாருங்கள். அத்தான் படத்தில் மாலை இருக்கிறதா, இல்லையா.

இருந்தால் எனக்குப் போன் பண்ண வேண்டாம். அவளே முடித்துக்கொண்டாள் என்று நான் தெரிந்துகொள்வேன். இல்லையென்றால் மட்டும் பண்ணுங்கள்.

எந்த நேரமானாலும் பரவாயில்லை. எடுப்பேன்.